தறிச் சத்தத்தை என்ன செய்வது?

வணக்கம் சேர்,

நான் மருதமுனை. எங்கள் மாமா வீட்டில் இன்னும் கைத்தறி ஓடுகிறது. போன மாதம் அந்தச் சத்தத்தைப் போனில் பதிந்தேன். உம்மா தேங்காய் திருவுகிற சத்தம், சுளகில் அரிசி புடைக்கிற சத்தம், கிணற்று வாளிச் சத்தம் எல்லாம் சேர்த்து, கீபோர்ட்டில் ஒரு மெட்டும் போட்டு, நாலு நிமிட இசை ஒன்று செய்தேன். கேட்ட சங்கீத டீச்சர், "சுருதியும் இல்லை தாளமும் இல்லை, இது வெறும் இரைச்சல்" என்று சொல்லிவிட்டார். வெளிநாட்டில் இப்படிச் செய்கிறார்கள் என்று தெரியும். நம் ஊரில் இது இசை ஆகுமா? ஸ்டூடியோ இல்லாமல் நன்றாகப் பதிய வழி இருக்கிறதா?

வாசகி, மருதமுனை

அன்புள்ள தங்கச்சி,

ஆகும். நீங்கள் அனுப்பியதை ஹெட்போனில் திரும்பத் திரும்பக் கேட்டுவிட்டுத்தான் சொல்கிறேன். எனக்கும் ஒரு குறை உண்டு, ஆனால் அது கீபோர்ட்டைப் பற்றியது. மெட்டு நுழைந்ததும் தறி பின்னால் போய், தாளம் போடுகிற வேலைக்கு இறங்கிவிடுகிறது.

மெட்டு வருவதற்கு முந்திய பகுதியை மட்டும் கேட்டுப் பாருங்கள். கயிறு இழுபடுகிறது, நாடா (ஊடு நூலைக் கொண்டு ஓடும் கட்டை) ஓடிப் பெட்டியில் முட்டுகிறது, பலகை வந்து நூலை அடிக்கிறது, மிதி மாறுகிறது. இந்த நாலுக்கும் இடைவெளி ஒன்றல்ல. நாடா வலப்பக்கம் முட்டும் சத்தம் ஒரு மாதிரி, இடப்பக்கம் இன்னொரு மாதிரி. நடுவில் நூல் அறுந்து எல்லாம் நிற்கிறது. மாமா தொண்டையைச் செருமிக்கொண்டு முடிச்சுப் போடுகிறார், பிறகு மெதுவாகத் தொடங்கி வேகம் பிடிக்கிறார். அந்த இடத்தை வெட்டி எறியாமல் வைத்திருக்கிறீர்களே, எனக்கு மிகவும் பிடித்தது அதுதான். உங்களுக்கு நல்ல காது.

1948இல் பாரிஸில் பியர் ஷேஃபர் செய்த வேலையை நீங்கள் தெரிந்துகொள்ள வேண்டும். பிரெஞ்சு வானொலியில் பொறியாளராக இருந்தவர். ரயில் நிலையத்துச் சத்தங்களையும் சட்டி மூடிகள் உருளும் சத்தங்களையும் கொண்டு அவர் செய்த சிறு ஆக்கங்கள் அந்த ஆண்டு ஒக்டோபர் 5ஆம் திகதி வானொலியில் போயின. அப்போது அவரிடம் டேப் இல்லை, எல்லாம் இசைத்தட்டில். தட்டின் ஒரு சுற்றை அப்படியே பூட்டிவிட்டு, ஒரே சத்தத்தை விடாமல் சுழல வைத்தார். இன்னொன்றும் கண்டுபிடித்தார்: மணியை அடிக்கிற அந்தக் கணத்தை மட்டும் நீக்கிவிட்டு மிச்சத்தைக் கேட்டால் அது மணியாகவே தெரியவில்லை, ஓபோ குழல் ஊதுவதுபோல இருந்தது. இதை இன்றைக்கே நீங்கள் செய்து பார்க்கலாம். பித்தளைக் குடம் ஒன்றைத் தட்டிப் பதிந்து, முதல் முட்டலை வெட்டிவிட்டுப் போடுங்கள். வீட்டில் யாருக்கும் அது குடம் என்று தெரியாது.

கனடாவில் மின்னணு இசைக்கருவிகள் செய்த ஹியூ லெ கெய்ன் 1955இல் ஒரே ஒரு நீர்த்துளிச் சத்தத்தை எடுத்து, டேப்பின் வேகத்தைக் கூட்டியும் குறைத்தும் ஒரு முழு ஆக்கமே செய்தார். உங்களுக்கு ஒரே தறிக்குள் அதைவிட நிறையச் சத்தம் கிடைத்திருக்கிறது. பிறகு எதற்குத் திருவலையும் சுளகும் வாளியும்? அவற்றை அடுத்த வேலைக்கு வையுங்கள். இப்போதைக்கு அவை வரிசையாக வந்து தலைகாட்டிவிட்டுப் போகின்றன, அவ்வளவுதான். பதிந்தது பாதி வேலைகூட இல்லை. ஒரு சத்தத்தோடு எவ்வளவு நேரம் இருக்கிறீர்கள் என்பதில்தான் எல்லாம் இருக்கிறது.

டீச்சரோடு சண்டை வேண்டாம். சுருதியும் தாளமும் எங்கே என்று அவர் கேட்டதை, இதையெல்லாம் எது கட்டிப் பிடித்திருக்கிறது என்ற கேள்வியாக எடுத்துக்கொள்ளுங்கள். அது நியாயமான கேள்வி. பதிலைத் தறிக்குள்ளே தேட வேண்டும். வெளியிலிருந்து ஒரு மெட்டைக் கொண்டுவந்து ஒட்டக் கூடாது.

சரி, பதிவு. மட்டக்களப்பு வாவியில் பாடும் மீனைக் கேட்கத் துடுப்பை நீரில் விட்டு மறுமுனையில் காதை வைப்பார்களே, அதே வழிதான். 1848இல் அந்த ஓசையைத் தோணியிலிருந்து கேட்ட ஆங்கிலேய அரசாங்க அதிகாரி எமர்சன் டெனன்ட்டும், தோணியின் மரத்தில் காதை வைத்ததும் ஓசை பெரிதாகக் கேட்டது என்று எழுதியிருக்கிறார். காற்றில் கேட்பது வேறு, மரத்துக்குள்ளால் கேட்பது வேறு. பாட்டுப் பாடுகிற பிறந்தநாள் அட்டைகள் சிலவற்றுக்குள் வட்டமாக ஒரு பீசோ தகடு, அதாவது அதிர்வை மின்சாரமாக மாற்றும் தகடு, இருக்கும். அதில் வயர் பற்றவைத்துத் தறிச் சட்டத்தில் இறுக்கி ஒட்டினால், மரத்தின் அதிர்வை நேரே பிடிக்கும். வீதியில் போகும் ஆட்டோச் சத்தம் அனேகமாக வராது. ஆனால் தகட்டை நேரே போனில் சொருகினால் அடிக்குரல் மெலிந்து தகரம்போலக் கேட்கும். இடையில் சின்ன ப்ரீஆம்ப் (தகட்டின் மெல்லிய மின்சைகையைப் போனுக்கு ஏற்றபடி ஆக்கும் கருவி) ஒன்று வேண்டும். அது கிடைக்கும்வரை போனையே பாவியுங்கள், சத்தத்தைத் தானாகக் கூட்டிக் குறைக்கிற வசதியை மட்டும் நிறுத்திவிடுங்கள். உங்கள் பதிவில் நூல் அறுந்த இடத்தில் இரைச்சல் பொங்கி வருவது அதனால்தான்.

கீபோர்ட்டை எடுத்துவிட்டு, தறியை மட்டும் வைத்து இரண்டு நிமிடத்தில் ஒன்று செய்யுங்கள். எனக்கு அனுப்ப முன்னம் மாமாவுக்குப் போட்டுக் காட்டுங்கள். எந்த அடி பிசகியது, எந்த இடத்தில் நாடா சிக்கியது என்று அவர் உடனே சொல்லிவிடுவார். அதையெல்லாம் குறித்து வைத்துக்கொண்டு, அப்புறம் வெட்டத் தொடங்குங்கள்.