ராஜே டேவிஸைப் போல ஆக வேண்டும் என்கிற மகனின் தாய்க்கு

அன்புள்ள அம்மையாருக்கு வணக்கம்.

நியூ ஜெர்சியில் பதினோராம் வகுப்பு படிக்கும் உங்கள் மகன் பேஸ்பாலையே தொழிலாகக் கொள்ளப்போவதாகச் சொல்கிறான் என்றும், ஓட்டத்தில் அவனை மிஞ்ச அந்தப் பள்ளியில் ஆளில்லை என்றாலும் மட்டை பிடிப்பதில் அவன் சுமார்தான் என்றும், நீங்கள் மறுத்துப் பேசும்போதெல்லாம் முன்னாள் தொழில்முறை பேஸ்பால் வீரர் ராஜே டேவிஸின் பெயரைச் சொல்லி வாயை அடைத்துவிடுகிறான் என்றும் எழுதியிருந்தீர்கள். அவன் நல்ல ஆளைத்தான் தேர்ந்தெடுத்திருக்கிறான். ஆகவே அந்த மனிதரின் கதையை முழுவதுமாக அவனோடு உட்கார்ந்து பாருங்கள்.

டேவிஸ் கனெக்டிகட் பல்கலைக்கழகத்தின் ஏவரி பாயிண்ட் வளாகத்தில் படித்தவர். 2001ஆம் ஆண்டு டிராஃப்டில், அதாவது அணிகள் புதிய ஆட்டக்காரர்களைச் சுற்றுச் சுற்றாகத் தேர்ந்தெடுக்கும் நிகழ்வில், பிட்ஸ்பர்க் பைரேட்ஸ் அணி அவரை 38ஆவது சுற்றில்தான் எடுத்தது. அங்கிருந்து அமெரிக்க பேஸ்பாலின் உச்ச நிலையான மேஜர் லீக் மைதானத்தில் முதன்முறையாகக் கால் வைக்க, 2006 ஆகஸ்ட் வரை, ஐந்து ஆண்டுகள் அதற்குக் கீழ்ப்படியான மைனர் லீக் ஊர்களில் பேருந்தில் அலைந்தார். அதன்பின் 2019 வரை 14 பருவங்கள், எட்டு அணிகள்: பைரேட்ஸ், ஜயன்ட்ஸ், ஓக்லாண்ட், டொரான்டோ, டெட்ராய்ட், கிளீவ்லாண்ட், பாஸ்டன், மெட்ஸ். ஓரணி அவரை மாற்றிக்கொண்டது, ஓரணி கைவிட்டது, கைவிட்டதை இன்னோர் அணி எடுத்துக்கொண்டது. கிளீவ்லாண்டும் ஓக்லாண்டும் ஒருமுறை அனுப்பிவிட்டு மறுபடி அழைத்துக்கொண்டன. இத்தனைக்கும் நடுவில் 415 பேஸ்களை ஸ்டீல் செய்தார்; அதாவது பந்து எறியப்படும் வேளையிலேயே ஓடி அடுத்த பேஸை, ஓடுபவர் தொட்டு நிற்க வேண்டிய அடுத்த இடத்தை, பிடித்தார். 2016இல், வேகக்காரர்கள் பலர் ஓய்ந்துவிடும் 35 வயதில், 43 ஸ்டீல்களுடன், மேஜர் லீகின் இரு பிரிவுகளில் ஒன்றான அமெரிக்கன் லீகிலேயே முதலிடம் பிடித்தார்.

வேகம் என்றால் என்னவென்று நீங்களே ஒருமுறை அளந்து பார்க்கலாம். மகனின் அடுத்த ஆட்டத்தில் கைப்பேசியின் ஸ்டாப்வாட்சை எடுத்துக்கொண்டு, பந்தெறியும் பிட்ச்சரின் கால் முதலில் அசைந்த நொடியிலிருந்து, மட்டையாளருக்குப் பின்னால் இருந்து பிடிக்கும் கேட்ச்சரின் கையுறையில் பந்து விழும்வரை ஒரு கணக்கும், அங்கிருந்து அவர் எறியும் பந்து இரண்டாம் பேஸைச் சேரும்வரை இன்னொரு கணக்கும் எடுங்கள். தொழில்முறை ஆட்டத்தில் முதலாவது ஏறத்தாழ 1.3 விநாடி, அடுத்தது ஏறத்தாழ 2 விநாடி. ஆக மூன்றேகால் விநாடிக்குச் சற்று மேல்தான் ஓடுபவனுக்குக் கிடைக்கும் அவகாசம். அதற்குள் கால் மட்டும் பாய்ந்தால் போதாது. பிட்ச்சரின் குதிகால் எப்போது எழுகிறது, தோள் எந்தப் பக்கம் சாய்கிறது என்பதைப் படித்து வைத்திருப்பவன்தான் பாதி அடி முன்னதாகக் கிளம்புவான். டேவிஸ் முயன்றவற்றில் ஐந்துக்கு ஏறக்குறைய நான்கு வெற்றி பெற்றதற்கு அந்தப் படிப்பும் காரணம் என்றே நான் கருதுகிறேன். மேலும், ஸ்டீல் செய்ய முதலில் பேஸில் ஏறியாக வேண்டும் என்பதால், மட்டை சுமார் என்ற குறையை அவன் தள்ளிப்போடவே கூடாது.

2016 நவம்பர் 2ஆம் தேதி நடந்த, மேஜர் லீகின் இறுதிப் போட்டித் தொடரான உலகத் தொடரின் ஏழாவது ஆட்டத்தை அவன் கட்டாயம் பார்த்திருப்பான். எட்டாவது இன்னிங்ஸில், மிக வேகமாகப் பந்தெறியும் அரோல்டிஸ் சாப்மனுக்கு எதிராக, கிளீவ்லாண்ட் இரண்டு ரன் பின்தங்கியிருந்த வேளையில், டேவிஸ் மட்டையின் கைப்பிடியை வழக்கத்தைவிட மேலே ஏற்றிப் பிடித்து அடித்த பந்து இடப்பக்கச் சுவரைத் தாண்டிப்போய் ஆட்டத்தை 6–6 எனச் சமன்செய்தது. பத்தாவது இன்னிங்ஸில் சிகாகோ கப்ஸ் 8–7 என வென்றது வேறு விஷயம். மட்டையை ஏற்றிப் பிடித்த அந்தக் கைகளை மகனுக்குச் சுட்டிக்காட்டுங்கள்; தன் பலம் எது, பலவீனம் எது என்று அறிந்தவரின் பிடி அது.

இனி உங்கள் மகன் கவனிக்காத ஒன்றைச் சொல்கிறேன். டேவிஸ் நுழைந்த வாசல் இன்று இல்லை. அப்போது டிராஃப்ட் 50 சுற்றுகள் நடந்தது. 2021 முதல் 20 சுற்றுகள்தான். அதே ஆண்டில் மேஜர் லீக் அணிகளோடு இணைந்த மைனர் லீக் அணிகளும் 120ஆகக் குறைக்கப்பட்டன. ஆகையால் 38ஆவது சுற்றுக்காரன் ஐந்து ஆண்டு பொறுமையாகப் பழுக்கக்கூடிய இடம் வெகுவாகச் சுருங்கிவிட்டது. மறுபுறம், 2023இல் பேஸ்களை 15 அங்குலத்திலிருந்து 18 அங்குலமாகப் பெரிதாக்கி, ஓடுபவனைப் பிட்ச்சர் பேஸை நோக்கி எறிந்து தடுப்பதற்கும் வரம்பு வைத்ததால், முந்தைய ஆண்டு 2,486 ஆக இருந்த ஸ்டீல்கள் 3,503 ஆக உயர்ந்தன. வேகக்காரனுக்கு மதிப்பு கூடியிருப்பது உண்மை.

வருமானத்தையும் மறைக்காமல் பேசிவிடுங்கள். 2023 ஒப்பந்தப்படி மைனர் லீகின் அடிநிலையில் ஆண்டுக்குக் குறைந்தபட்சம் 19,800 டாலர், உச்சநிலையான டிரிபிள் ஏ-யில் 35,800 டாலர். மேஜர் லீகில் 2025இன் குறைந்தபட்சம் 7,60,000 டாலர். இரண்டுக்கும் இடையிலான தூரம் மிகப் பெரியது. டேவிஸும் 2017இல் 60 லட்சம் டாலர் ஒப்பந்தத்தில் ஆடியவர்தான். ஆனால் அடுத்த இரு ஆண்டுகளிலும் மைனர் லீக் ஒப்பந்தத்திலிருந்தே மேலே ஏறி வர வேண்டியிருந்தது. 2019 மே மாதம், 38 வயதில், பென்சில்வேனியாவில் மைனர் அணியோடு இருந்தவரை மெட்ஸ் திடீரென அழைக்க, வாடகைக் காரில் கிளம்பி, ஆட்டம் தொடங்கிய பிறகு நியூயார்க் மைதானத்தை அடைந்து, எட்டாவது இன்னிங்ஸில் மாற்று ஆட்டக்காரராக இறங்கி மூன்று ரன் தரும் ஹோம் ரன், அதாவது சுவரைத் தாண்டும் அடி, அடித்தார். அந்தக் காரில் ஏறும் மனம் தனக்கு இருக்கிறதா என்று உங்கள் மகன்தான் யோசிக்க வேண்டும். அது நீங்களோ நானோ விடை சொல்லக்கூடிய கேள்வி அல்ல.

என் ஆலோசனை, உயர்நிலைப் பள்ளி முடிந்ததும் கிடைக்கிற சிறிய தொகைக்குக் கையெழுத்திடாமல், கல்லூரியில் சேர்ந்து ஆடட்டும் என்பதே. நான்காண்டுக் கல்லூரியில் சேர்ந்தால் பொதுவாக மூன்றாம் ஆண்டு முடியும்வரையோ 21 வயது ஆகும்வரையோ டிராஃப்டில் எடுக்க முடியாது. அந்த ஆண்டுகள் மட்டையைத் திருத்தவும் பட்டத்தின் பெரும்பகுதியை முடிக்கவும் உதவும். ஈராண்டுக் கல்லூரி என்றால் எந்த ஆண்டும் எடுக்கலாம். எப்போது கையெழுத்திட்டாலும், மீதிப் படிப்புக்கான கட்டணத்தை அணி ஏற்கும் உறுதியை ஒப்பந்தத்திலேயே எழுதிக் கேளுங்கள். அதைப் பயன்படுத்தக் கால வரம்பு உண்டு என்பதையும் படித்துப் பார்த்துக்கொள்ளுங்கள்.

அடுத்த சந்திப்புக்கு வரும்போது அவனுடைய 60 கெஜ ஓட்ட நேரம், இந்தப் பருவத்தில் எத்தனை முறை மட்டை பிடித்து எத்தனை முறை பேஸில் ஏறினான் என்ற கணக்கு, பள்ளி மதிப்பெண் பட்டியல் ஆகிய மூன்றையும் எடுத்து வாருங்கள். அவனையும் கட்டாயம் அழைத்து வாருங்கள்.