காலிக் கட்டம் பூஜ்யம் அல்ல: தரவும் நீதியும் பற்றிக் கேள்வி பதில்

கேள்வி: டிஜிட்டல் ஹியூமானிட்டீஸ் என்றால் பழைய காகிதங்களை ஸ்கேன் செய்வதுதானே?

பதில்: வரலாறு, இலக்கியம் போன்றவற்றைக் கணினி கொண்டு ஆராயும் துறை அது. ஸ்கேன் முதல் படி. எழுதியவர் யார், யாரை விட்டுவிட்டார் என்று கேட்கும்போதுதான் வேலை தொடங்குகிறது.

கேள்வி: அட்லாண்டிக் அடிமை வணிகத் தரவுத்தளத்தை வைத்து ஆய்வு செய்கிறேன். எண்களை அப்படியே நம்பலாமா?

பதில்: ‘ஸ்லேவ் வாயேஜஸ்’ தளத்தைச் சொல்கிறீர்கள் என்று எடுத்துக்கொள்கிறேன். 1999இல் குறுந்தகடாக வந்து, 2008இல் இணையத்துக்கு மாறியது. சுமார் 36 ஆயிரம் பயணங்கள் அதில் உண்டு. கப்பலில் ஏற்றப்பட்டவர்கள் ஏறக்குறைய 1.25 கோடி, கரை இறங்கியவர்கள் 1.07 கோடி என்பது அதன் மதிப்பீடு. மீதி 18 லட்சம் பேர் வழியிலேயே செத்தவர்கள். இந்த உழைப்பு இல்லாவிட்டால் அந்தக் கொடுமையின் அளவே நமக்குப் பிடிபட்டிருக்காது.

ஆனால் மூலப் பதிவுகளை எழுதியவர்கள் பெரும்பாலும் வணிகர்கள், மாலுமிகள், சுங்க அதிகாரிகள். அவர்களுக்கு வேண்டியது தலைக்கணக்கு. கப்பலுக்குப் பெயர் உண்டு, அதன் தலைவனுக்கும் உண்டு, கீழ்த்தளத்தில் அடைக்கப்பட்டவர்களுக்கு இல்லை. பெயரோடு கிடைப்பவர்கள் 90 ஆயிரம் சொச்சம் பேர்தான். அடிமை வணிகம் தடைசெய்யப்பட்ட பின், 19ஆம் நூற்றாண்டில் பிடிபட்ட கப்பல்களிலிருந்து மீட்கப்பட்டவர்கள் அவர்களில் பெரும்பாலோர். அந்தக் கப்பல்களை விசாரித்த ஃப்ரீடவுன் (சியரா லியோன்), ஹவானா (கியூபா) நீதிமன்ற எழுத்தர்கள் பதிவேட்டுக்காகக் கேட்டு எழுதியதால் அந்தப் பெயர்கள் தப்பின.

அப்புறம் ஒன்று: அட்டவணையில் இறந்தோர் எண்ணிக்கைக்கான கட்டம் காலியாக இருந்தால் யாரும் சாகவில்லை என்று பொருள் இல்லை. காலிக் கட்டம் பூஜ்யம் அல்ல.

கேள்வி: எந்த மென்பொருள் கற்க வேண்டும்?

பதில்: எக்செல் போதும், ஆரம்பத்துக்கு.

கேள்வி: நிரல் எழுதப் பைத்தானா, ஆர் மொழியா?

பதில்: எது பாதி தெரியுமோ அது.

கேள்வி: தரவில் ஏன் அரசியலை இழுக்கிறீர்கள்? எண் எண்தானே.

பதில்: கறுப்பினப் பத்திரிகையாளர் ஐடா பி. வெல்ஸைக் கேட்டிருந்தால் சிரித்திருப்பார். அமெரிக்காவில் கறுப்பர்களைக் கும்பல் சேர்ந்து கொன்றபோது, பாலியல் குற்றத்துக்கான தண்டனை என்றே நியாயம் சொன்னார்கள். 1895இல் அவர் வெளியிட்ட சிற்றேட்டில் வெள்ளையர் நடத்திய சிக்காகோ ட்ரிப்யூன் கணக்கையே எடுத்து, கொல்லப்பட்டவர்களில் பெரும்பாலோர் மீது அந்தக் குற்றச்சாட்டே இல்லை என்று காட்டினார்.

கேள்வி (அதே நண்பர்): அப்படியானால் அவரும் எண்ணைத்தானே நம்பினார்? என் கட்சிதான் ஜெயித்தது.

பதில்: பாதி ஜெயித்தது, ஒப்புக்கொள்கிறேன். எண்ணை அவர் நம்பினார்தான். ஆனால் அட்டவணையில் எந்தப் பத்தியைக் கூட்டுவது என்று முடிவு செய்தது அவருடைய கோபம். நடுநிலையாளர்கள் கண்ணில் அந்தப் பத்தி படவே இல்லையே!

கேள்வி (வேறொருவர்): மனிதர்களை எண்ணுவதே அவர்களை மறுபடி சரக்காக்குவது. எண்ணவே கூடாது.

பதில்: வரலாற்றாசிரியர் ஜெசிகா மேரி ஜான்சன் அடிமை வணிகத் தரவு பற்றி 2018இல் எழுதிய கட்டுரையின் கவலைக்கு அருகில் வருகிறீர்கள். கவலை சரி, முடிவு தவறு. 1900இல் பாரிஸ் கண்காட்சிக்கு அமெரிக்கக் கறுப்பினச் சமூகவியலாளர் டு பாய்ஸும் அவர் குழுவும் கையால் வரைந்து அனுப்பிய சுமார் 60 வரைபடங்களைப் பாருங்கள். கறுப்பர்களின் நிலம், படிப்பு, தொழில் எல்லாமே எண்கள்தான். எண்ணியவர்களும் கறுப்பர்கள், அங்கேதான் வித்தியாசம்.

கேள்வி: கிடைத்த ஆவணம் எல்லாவற்றையும் திறந்து போட்டுவிடலாமே?

பதில்: யாருடைய ஆவணம்? ஆஸ்திரேலியாவின் வாருமுங்கு மக்களோடு சேர்ந்து உருவான ‘முகுர்ட்டு’ என்னும் ஆவணக்காப்பக மென்பொருளில், எதை யார் பார்க்கலாம் என்பதை அந்தச் சமூகமே தீர்மானிக்கும்.

கேள்வி: ஆரம்பிக்க நல்ல மென்பொருள் எது?

பதில்: மேலே சொன்னதைப் படியுங்கள் ஐயா.

கேள்வி: காலிக் கட்டங்களில் எல்லாம் 0 போட்டுச் சராசரி எடுத்தேன். இறப்பு விகிதம் மிகக் குறைவாக வருகிறதே, ஏன்?

பதில்: மூலக் கோப்பின் பிரதி பத்திரமாக இருக்கிறதா? அதை முதலில் சொல்லுங்கள்.