கோஷ்டின்னா மொதல்ல மாட்டுக் கொட்டில்

கேள்வி: 'கோஷ்டிப் பூசல்'னு பேப்பர்ல தினமும் படிக்கிறோம். இந்த 'கோஷ்டி' தமிழ்ச் சொல்லா, எங்கேர்ந்து வந்துச்சு?

பதில்: காங்கிரஸ் தமிழுக்குக் குடுத்த கொடைன்னு நெனச்சுட்டிருந்தீங்களா? அதுக்கும் ரொம்ப முந்தி. சமஸ்கிருதத்துல கோஷ்டம்னா மாட்டுக் கொட்டில், மாடுங்க கூடி நிக்கிற எடம், அதுலேர்ந்து கோஷ்டி, நாலு பேர் ஒண்ணா உக்காந்து பேசுற சபை. பெங்களூர்ல இன்னிக்கும் பிரஸ் மீட்டுக்கு 'பத்ரிகா கோஷ்டி'ன்னுதான் பேரு, கவியரங்கம் 'கவி கோஷ்டி'. அவங்க கூடிப் பேசுறதுக்கு வெச்சிருக்க வார்த்தைய நாம வேஷ்டிய உருவுறதுக்கு வெச்சிருக்கோம்.

வள்ளுவர்கிட்டயே இருக்கே, 'கோட்டி'ன்னு. 'நிரம்பிய நூலின்றிக் கோட்டி கொளல்', 401. படிக்காதவன் சபையில பேசப் போறது கட்டம் போடாம வட்டாடுற மாதிரியாம். அதே மனுஷன் 720-ல, தன் கூட்டத்தார் இல்லாதவங்க முன்னாடி பேசுறது சாக்கடையில அமிழ்தத்தக் கொட்டுறதுங்கிறார். அறிவுல ஒத்தவங்களத்தான் கூட்டத்தார்ங்கிறார்னு உரைக்காரங்க வெளக்கம் குடுப்பாங்க, எனக்கென்னவோ காங்கிரஸ் ஆபீஸ் சத்தியமூர்த்தி பவன் வாசல்லயே எழுதி வெக்கலாம்னு தோணுது. திருநெல்வேலிக்காரங்ககிட்ட இந்தக் குறளச் சொல்லிப் பாருங்க, அங்க கோட்டின்னா பைத்தியம், அர்த்தம் இன்னும் நல்லாவே பொருந்தும்.

பெருமாள் கோயில்ல பிரபந்தம் சேவிக்கிறவங்களும் கோஷ்டிதான். காஞ்சிபுரம் வரதர் சன்னிதியில பிரபந்தம் தொடங்குற ஸ்லோகமா 'ஸ்ரீசைல தயாபாத்ரம்' சொல்றதா 'ராமானுஜ தயாபாத்ரம்' சொல்றதான்னு தென்கலையும் வடகலையும் வெள்ளக்காரன் காலத்துலேர்ந்து கோர்ட்டுக்கு அலையுறாங்க, ரெண்டு பக்கமும் கும்புடுறது அதே பெருமாளத்தான். அதனால கதர்ச் சட்டைய மட்டும் குத்தம் சொல்லாதீங்க. அதுலயும் 1940-ல காமராஜர் ராஜாஜி கோஷ்டி ஆளத் தோக்கடிச்சு மாநில காங்கிரஸ் தலைவரானப்ப, முன்ன அவருக்கே தலைவரா இருந்த சத்தியமூர்த்தி அவருக்குக் கீழ செயலாளரா உக்காந்தார். கோஷ்டி நடத்துனா அப்படி நடத்தணும், இப்ப இருக்கிறவங்களுக்கு நாற்காலி ஒரு அடி தள்ளிப் போட்டாலே தனிக் கட்சி.

ஆங், தமிழ்ச் சொல்லான்னு கேட்டீங்கல்ல? இல்ல. 'குழு'ன்னு எழுதுங்கன்னு எங்க புரூப் பாக்குற அண்ணன் ஒவ்வொரு இதழுக்கும் சண்டை போடுறார், எழுதலாம்தான், ஆனா 'குழுப் பூசல்'னு தலைப்பு போட்டா மகளிர் சுய உதவிக் குழுவுல லோன் தகராறுன்னு நெனச்சுக்குவாங்க.