மரத்த எதுக்கு செதுக்கணும்?

சார், நீங்க சொன்னீங்கன்னு சீனாக்காரர் சுன் ஷுனோட 2011 மரச்செதுக்கு அனிமேஷன (மரக்கட்டைல படத்த செதுக்கி, மை தடவி பேப்பர்ல அச்செடுத்து, அத வச்சு பண்ண படம்) பாத்தேன். கதை ஒண்ணும் பிடிபடல. இந்த லுக்க கம்ப்யூட்டர்ல ஒரு ஃபில்டர் போட்டே கொண்டு வந்துடலாமே, ஃப்ரேம் ஃப்ரேமா மரத்த செதுக்குறது வீம்பு இல்லையா?
க.

அன்புள்ள க.,

வீம்பு கொஞ்சம் இருக்குதான். ஆனா சீனாவுல மரச்செதுக்குக்குன்னே ஒரு அரசியல் சரித்திரம் இருக்கு, ஃபில்டர்ல அது வராது. 1931 பிப்ரவரில எழுத்தாளர் லூ ஷுனோட இளம் நண்பர் ரோ ஷிய அப்ப சீனாவ ஆண்ட தேசியவாதக் கட்சியான கோமின்டாங்கோட அரசு சுட்டுக் கொல்லுது. ஆகஸ்ட்ல லூ ஷுன் ஷாங்காய்ல 13 இளைஞர்கள சேத்து ஆறு நாள் மரச்செதுக்குப் பட்டறை வைக்கிறாரு, சொல்லிக்கொடுத்தது உச்சியாமா ககிச்சின்னு ஒரு ஜப்பான்காரர், லூ ஷுனே பக்கத்துல நின்னு மொழிபெயர்த்தாரு. கட்டை, கத்தி, மை, பேப்பர் போதும், மெஷின் கூட வேணாம், பின்பக்கம் அழுத்தித் தேய்ச்சே பிரிண்ட் எடுத்துடலாம், காசில்லாத கோவக்காரப் பசங்களுக்கு வேறென்ன வேணும்! அதே வருஷம் ரோ ஷிக்கு அஞ்சலியா லூ ஷுன் பத்திரிகைல போட்டதும் ஜெர்மன் ஓவியர் கேத்தே கோல்விட்ஸோட மரச்செதுக்குதான், ஒரு தாய் பச்சக்குழந்தைய ரெண்டு கையிலயும் ஏந்திக் குடுக்குற படம்.

அப்புறம் 1938ல, தன்னோட தளமா இருந்த யெனான்ல, கம்யூனிஸ்ட் கட்சி லூ ஷுன் பேர்லயே கலைக் கல்லூரி தொடங்குது. அங்க போனவங்க ஐரோப்பிய பாணில முகத்துல நிழல் வச்சு செதுக்க, மூஞ்சி ஏன் பாதி கறுப்பா இருக்குன்னு கிராமத்து ஜனங்க முகம் சுளிக்க, நிழலையெல்லாம் வழிச்சு எடுத்துட்டு புத்தாண்டுக்கு வீட்ல ஒட்டுற படங்க மாதிரி தெளிவான கோட்டுக்கு மாறிட்டாங்க. (எனக்கென்னவோ அந்த நிழல் போனதுல நஷ்டம்தான்.) 1966ல மாவோ தொடங்குன கலாச்சாரப் புரட்சி வரைக்கும் வந்தா, மாவோ தலைக்குப் பின்னாடி சூரியக்கதிர் விரியுற மரச்செதுக்குங்க. எதிர்ப்புக்குப் பொறந்த கத்தி அரசாங்கத்துக்கு வேல செய்ய ஆரம்பிச்சிருச்சு.

1980ல ஃபூஷின்ங்கற சுரங்க ஊர்ல பொறந்த சுன் ஷுன், ஸ்கூல்ல படிச்ச வரலாறும் அப்பா சொன்ன கலாச்சாரப் புரட்சியும் ஒண்ணோட ஒண்ணு ஒட்டாம வளந்தவரு, ஹாங்சோல அச்சுக்கலைய முறையா படிச்சவரு. அதிகாரம் பிரச்சாரத்துக்கு வச்சிருந்த கத்தியாலயே அந்த ஒட்டாத இடத்த செதுக்குறாரு. ஒவ்வொரு ஃப்ரேமும் புதுசா செதுக்குனதுங்கறதால எந்தக் கோடும் போன தடவ இருந்த இடத்துல நிக்காது, அசையாத சுவர் கூட நடுங்கும். சாதாரண அனிமேஷன்ல இத பிழைன்னு சரி பண்ணிடுவாங்க. இங்க படமே அதுதான், அதனால அடுத்த தடவ கதைய விட்டுட்டு, ஆளுங்களுக்குப் பின்னாடி இருக்குறத மட்டும் பாருங்க.