கேள்வி–பதில்: ஊமைப்படத்தில் ஒரு பாட்டு

கேள்வி: 1929-ல் வந்த ஜெர்மன் காதல் நகைச்சுவை ‘இஷ் க்யூஸ்ஸெ ஈரெ ஹாண்ட், மதாம்’ (‘உங்கள் கையை முத்தமிடுகிறேன், அம்மணி’) ஊமைப்படம் என்கிறார்கள். கதாநாயகன் அதில் பாடுகிறானாமே?

பதில்: ஊமைப்படம்தான், ஒரு பாட்டுக்கு மட்டும் வாய் திறக்கும்! ரால்ஃப் எர்வின் இசையில் ஃப்ரிட்ஸ் ரோட்டர் எழுதிய டேங்கோ பாட்டு 1928-ல் பெரும் வெற்றி. அதன் பல்லவியையே தலைப்பாக்கிப் படமெடுத்தார் ராபர்ட் லாண்ட். விவாகரத்தான பாரிஸ் சீமாட்டியாக மார்லின் டீட்ரிஷ். அவர் பிரபு என்று நம்பிக் காதலிப்பவராக ஹாரி லீட்கே. காதலன் ஓட்டலின் தலைமைப் பரிசாரகர் என்று தெரிந்ததும் சீமாட்டி முகம் திருப்பிக்கொள்கிறார். உண்மையிலேயே அந்தப் பரிசாரகர் ருஷ்யப் பிரபு என்பதுதான் வேடிக்கை. பாட்டில் வாயசைப்பது லீட்கே, குரல் பாடகர் ரிச்சர்ட் டௌபருடையது. பின்னணிக் குரல் அப்போதே வந்துவிட்டது.

கேள்வி: அக்காலப் படச்சுருளை 35 மி.மீ. புரொஜெக்டரில் ஓட்டினால் ஆட்கள் துள்ளி ஓடுகிறார்கள், திரையின் இடது ஓரமும் வெட்டுப்படுகிறது. ஏன்?

பதில்: இரண்டும் வெவ்வேறு கோளாறு. துள்ளலுக்குக் காரணம் வேகம். ஊமைப்படத்தை நொடிக்கு 18 முதல் 24 பிரேம் வரை எப்படியும் எடுத்திருப்பார்கள்; பேசும்படப் புரொஜெக்டர் 24-ஐ விட்டு நகராது. பிரேம் உயரம் 19 மி.மீ. ஆகவே 2,000 மீட்டர் படம் 20 பிரேமில் சுமார் 88 நிமிடம், 24-ல் 73. காணாமல்போன கால் மணிதான் அந்தத் துள்ளல். வேகத்தை மாற்றக்கூடிய புரொஜெக்டரில் 20-ஆகக் குறைத்தால் திரை மினுக்கும்: ஒளியை மறைத்து விடும் சுழல் தகடான ஷட்டர் இரட்டை இறக்கை உடையதானால் நொடிக்கு 40 ஒளித்துடிப்புதான். மூன்று இறக்கை போட்டால் 60. வெளிச்சம் கொஞ்சம் குறையும், பரவாயில்லை.

ஓரம் வெட்டுப்படுவது கேட்டின் (பிரேமின் எந்தப் பகுதி திரையில் விழும் என்று தீர்மானிக்கும் சட்டத்தின்) குற்றம். பேசும்படத்தில் ஒலித்தடம் இருக்கும் இடத்திலும் ஊமைப்படத்தில் படமே இருக்கும். முழுப் பிரேமுக்கான கேட் மாட்டி, லென்ஸ் மையத்தையும் சற்று நகர்த்துங்கள். கேட்டை மட்டும் மாற்றினால் படம் ஒருபக்கம் சாய்ந்து நிற்கும்.

கேள்வி: இடையில் ஒலியுள்ள காட்சி வந்தால்?

பதில்: 24-ல் பதிவான ஒலியை 20-ல் ஓட்டாதீர்கள். சுருதி மூன்று அரைச்சுரத்துக்கு மேல் இறங்கி, டெனர் (உச்ச ஆண்குரல்) பாரிட்டோன் (அதற்குக் கீழான ஆண்குரல்) ஆகிவிடும். அந்த ரீலுக்கு மட்டும் வேகத்தைக் கூட்டுங்கள். பிரதி தந்த காப்பகத்தின் வேகக் குறிப்பு கையில் இருந்தால் அதுவே தீர்ப்பு.