பழைய பிரிட்டிஷ் தொலைக்காட்சியின் துணை நடிகர்கள்: கேள்வி பதில்

கேள்வி: 1950களில் பிபிசி நாடகங்களில் சின்னச் சின்ன வேடம் போட்ட ஒருவரைப் பற்றி எங்கே தேடுவது?

பதில்: முதலில் பிபிசி ஜீனோம் என்ற இணையதளம். ரேடியோ டைம்ஸ் இதழின் 1923 முதல் 2009 வரையிலான நிகழ்ச்சிப் பட்டியல்கள் அதில் இருக்கின்றன. பழைய அச்சை ஸ்கேன் செய்து எழுத்தாக்கியவை என்பதால் பிழைகள் உண்டு. முழுப்பெயர் சிக்காவிட்டால் நாடகத்தின் பெயரைப் போட்டுப் பாருங்கள். இன்னொரு சிக்கல், இதழ் முன்கூட்டியே அச்சேறிவிடும். கடைசி நேரத்தில் ஆள் மாறினாலும் பட்டியலில் பழைய பெயரே நிற்கும். யார் நடித்தார் என்று உறுதிப்படுத்த, ரெடிங் அருகே கேவர்ஷமில் உள்ள பிபிசி எழுத்து ஆவணக் காப்பகத்தைத்தான் நாட வேண்டும். வசனமில்லாமல் கூட்டத்தில் நின்றவர் பெயரைப் பட்டியலில் எதிர்பார்க்காதீர்கள்.

கேள்வி: பிபிசிக்குப் போட்டியான வணிகத் தொலைக்காட்சி ஐடிவியில் நடித்திருந்தால்?

பதில்: ஜீனோம் உதவாது. 1955க்குப் பிந்தைய டிவி டைம்ஸ் இதழ்களைப் புரட்டுங்கள். சில பகுதிகளுக்குத் தனி வார இதழ்களும் இருந்தன.

கேள்வி: ஒரே நாடகம் ஞாயிறு, வியாழன் என இரு தேதிகளில் வருகிறதே?

பதில்: ஒரே வேடம்தான், ஆனால் இரண்டு முறை நடித்தது. அன்று மறுஒளிபரப்பு என்றால் எல்லோரும் திரும்ப ஸ்டூடியோவுக்கு வந்து நேரலையில் நடிக்க வேண்டும். ‘நைன்டீன் எய்ட்டி ஃபோர்’ 1954 டிசம்பர் 12இலும் 16இலும் நடிக்கப்பட்டது; இன்று நாம் பார்ப்பது வியாழக்கிழமை நடிப்பு.

கேள்வி: மற்றவற்றின் பதிவுகள் எங்கே?

பதில்: பெரும்பாலும் பதிவே செய்யவில்லை. செய்தாலும் மானிட்டருக்கு எதிரே ஃபிலிம் கேமராவை வைத்துப் படம்பிடிப்பதுதான் முறை. ‘தி குவாட்டர்மாஸ் எக்ஸ்பெரிமென்ட்’ (1953) ஆறு பகுதிகளில் முதல் இரண்டு மட்டுமே அப்படி மிஞ்சின. இரண்டாம் பகுதியில் மானிட்டர் மேல் உட்கார்ந்த பூச்சி ஒன்றும் சேர்ந்து பதிவாகியிருக்கிறது! பிறகு வந்த இரண்டு அங்குல வீடியோ நாடா விலை அதிகம்; அழித்து மறுபடி பயன்படுத்தினார்கள். நான்காம் பகுதியில் மட்டும் தலைகாட்டிய துணை நடிகருக்கு இன்று காகிதம்தான் சாட்சி.

கேள்வி: நேரலையில் வசனம் மறந்தால்?

பதில்: பிரதியோடு நிற்பவர் கையில் ஒரு பொத்தான் இருக்கும். அழுத்தினால் ஒலி துண்டிக்கப்படும். அந்த நொடியில் வசனத்தை எடுத்துக்கொடுப்பார். வீட்டில் பார்ப்பவர் ஏதோ கோளாறு என்று நினைத்துக்கொள்வார். ஆளே இல்லாமல் போனால்தான் கஷ்டம். 1958 நவம்பர் 30, ஐடிவி நிறுவனங்களில் ஒன்றான ஏபிசியின் ‘அண்டர்கிரவுண்ட்’ நாடக நேரலை: நடிகர் கேரத் ஜோன்ஸ் இரு காட்சிகளுக்கு நடுவே மாரடைப்பால் இறந்தார். வயது 33. சக நடிகர்கள் அவர் வசனங்களை இட்டுக்கட்டி நாடகத்தை முடித்தார்கள்.

கேள்வி: குடும்பத்தார் சொல்லும் பெயர் எதிலும் இல்லை.

பதில்: நடிகர் சங்கமான ஈக்விட்டி அன்று ஒரே தொழில்பெயரை இருவருக்குத் தந்ததில்லை. நடிகர் மைக்கேல் கெயினே அதற்கு முன் மைக்கேல் ஸ்காட்தான். அந்தப் பெயரில் வேறொருவர் இருந்ததால் மாற்றினார். ‘ஸ்பாட்லைட்’ நடிகர் கையேட்டில் முகத்தை வைத்து அடையாளம் கண்டு, அங்குள்ள பெயரோடு ஜீனோமுக்குத் திரும்புங்கள்.