ஒரு காது மட்டும் திடீரென மந்தமானால்: மருத்துவர் பதில்

இன்றே ஒரு காது மூக்கு தொண்டை மருத்துவரைப் பாருங்கள். உங்கள் நீண்ட கடிதத்தின் கடைசியில், போகிறபோக்கில் ஒரு வரி எழுதியிருக்கிறீர்கள்: "நான்கு நாளாக இடது காது அடைத்த மாதிரி இருக்கிறது, தூங்கி எழுந்ததிலிருந்து ஒரே இரைச்சல்." அந்த ஒரு வரிக்காகத்தான் சொல்கிறேன். அடுத்த வாரம் வரச் சொன்னால் ஒப்புக்கொள்ள வேண்டாம். "ஒரு காதில் திடீரென்று கேட்பது குறைந்துவிட்டது, நான்கு நாளாகிறது" என்று இதே வார்த்தைகளில் சொல்லுங்கள். வெறுமனே "காது அடைப்பு" என்றால் சளி, அழுக்கு என்று நினைத்துக் காத்திருக்கச் சொல்லிவிடுவார்கள்.

உள்காதும் அதன் நரம்பும் திடீரெனச் செயலிழக்கும் ஒரு நிலை இருக்கிறது. பெரும்பாலும் ஒரு காதில்தான் வரும். பலருக்குக் காலையில் எழும்போது தெரியும். சிலருக்கு அந்தக் காதில் போனை வைக்கும்போது தெரியும். வலி இருக்காது, அதனாலேயே எல்லோரும் நாளைக்குப் பார்க்கலாம் என்று விட்டுவிடுகிறார்கள். மூன்று நாட்களுக்குள், ஆடியோகிராமில் (கேட்புத்திறனை அளக்கும் சோதனை) அடுத்தடுத்த மூன்று அலைவெண்களில், அதாவது சுருதிகளில், 30 டெசிபலோ (சத்தத்தை அளக்கும் அலகு) அதற்கு மேலோ கேட்புத்திறன் குறைந்திருந்தால் இந்த நோய் என்று எடுத்துக்கொள்கிறோம். சிகிச்சை ஸ்டீராய்டு மாத்திரை. தேவைப்பட்டால் செவிப்பறை வழியாக ஊசியாகவும் போடுவோம். முதல் இரண்டு வாரத்துக்குள் தொடங்க வேண்டும், எவ்வளவு சீக்கிரமோ அவ்வளவு நல்லது. சிலருக்குத் தானாகவே சரியாகும் என்பது உண்மைதான். ஆனால் அந்தச் சிலரில் நீங்களும் ஒருவரா என்று யாராலும் முன்கூட்டியே சொல்ல முடியாது. உங்களுக்கு இன்னும் நேரம் இருக்கிறது, அதை வீணாக்காதீர்கள்.

வெறும் அழுக்கு அடைப்பாகவும் இருக்கலாம். வீட்டிலேயே ஒன்று செய்து பாருங்கள். வாயை மூடிக்கொண்டு, தாழ்ந்த குரலில் 'ம்ம்ம்' என்று நீட்டி முனகுங்கள். சத்தம் அடைத்த காதில் பலமாகக் கேட்டால் அழுக்கு, நீர் போன்ற அடைப்பாக இருக்க வாய்ப்பு அதிகம். நல்ல காதுப் பக்கம் பலமாகக் கேட்டால் நரம்பைச் சந்தேகிக்க வேண்டும். இசைக்கவையைத் தட்டி நெற்றி நடுவில் வைத்து நாங்கள் செய்வதும் இதே சோதனைதான். முனகிப் பார்த்ததில் எந்தப் பதில் வந்தாலும் மருத்துவரிடம் போவதை மட்டும் நிறுத்தாதீர்கள். காதுக்குள் பார்த்து, ஆடியோகிராம் எடுத்த பிறகுதான் முடிவு சொல்ல முடியும்.

சரி, உங்களை உண்மையில் பயமுறுத்துவது வேறு என்று புரிகிறது. நீங்கள் எழுதும் மாயக் கதையின் உலகத்தில் மருந்தே கிடையாது, பாடியே எலும்பை ஒட்டவைக்கிறார்கள். அங்கே ஒரு பாடகி தான் குணமாக்கிய ஒவ்வொருவருக்கும் விலையாகத் தன் செவியைக் கொஞ்சம் கொஞ்சமாக இழக்கிறாள். அந்த உணர்வைப் பிடிப்பதற்காக, 528 ஹெர்ட்ஸ் 'குணமாக்கும் ஒலி'யை இயர்போனில் போட்டுக்கொண்டு ஒரு மாதமாகத் தூங்கியிருக்கிறீர்கள். அதற்கான தண்டனையோ இது என்று கேட்கிறீர்கள்.

இல்லை. 528 ஹெர்ட்ஸ் என்பது சாதாரணமாக ஒரு பெண்ணோ குழந்தையோ பாடும் உயரத்தில் உள்ள ஒரு சுருதி, அவ்வளவுதான். நான் சொன்ன இசைக்கவை 512 ஹெர்ட்ஸ். கிட்டத்தட்ட அதே சுருதியைத்தான் நோயாளிகளின் காதருகே தினமும் ஒலிக்கவிடுகிறோம். அது மரபணுவைச் சரிசெய்யும் என்று சிலர் சொல்வதற்கும் ஆதாரமில்லை, காதைச் சுடும் என்பதற்கும் ஆதாரமில்லை. காதைக் கெடுப்பது சத்தத்தின் அளவும் நேரமும். பெரியவர்களுக்கு 80 டெசிபல் என்றால் வாரத்துக்கு 40 மணி நேரம் வரை என்கிறது உலக சுகாதார நிறுவனம்; ஒவ்வொரு 3 டெசிபல் கூடும்போதும் அந்த நேரம் பாதியாகும். மெல்லிய ஒலியில் கேட்டதாக எழுதியிருக்கிறீர்கள், அதில் பயமில்லை. இயர்போன் சத்தத்தால் கெடும் காது பெரும்பாலும் மெதுவாக, இரண்டு பக்கமும் கெடும். உங்களுக்கு ஒரே இரவில், ஒரு பக்கம் மட்டும் வந்திருக்கிறது. இந்த நோயில் பெரும்பாலானவர்களுக்குக் காரணமே பிடிபடுவதில்லை. நீங்களாக வரவழைத்துக்கொண்டது என்று நினைத்து மனதைப் புண்படுத்திக்கொள்ளாதீர்கள்.

எனக்குக் கோபம் வருவது வேறு இடத்தில். "இரைச்சல் கேட்டால் உள்சக்தி திறக்கிறது, 21 நாள் தொடர்ந்து கேளுங்கள்" என்று இணையத்தில் யாரோ சொன்னதை நம்பி நான்கு நாளை விட்டிருக்கிறீர்கள். அந்த 21 நாள் முடியும்போது மருந்து நன்றாக வேலை செய்யும் காலமும் முடிந்திருக்கும்! அப்புறம் அந்தக் காதுக்கு யார் பொறுப்பு? எண்ணெய் விடுவதை நிறுத்துங்கள், பஞ்சுக்குச்சியைத் தூக்கிப் போடுங்கள், மிச்சமிருந்த ஆன்டிபயாடிக் சொட்டும் வேண்டாம். என் பதிலைப் படித்துவிட்டு நீங்களாகவே ஸ்டீராய்டு வாங்கிப் போட்டுக்கொள்ளவும் கூடாது. சர்க்கரை, ரத்த அழுத்தம், வயிற்றுப்புண் எல்லாம் பார்த்துத்தான் அளவைத் தீர்மானிப்போம்.

உங்கள் மற்ற சந்தேகங்களுக்கு வருகிறேன். கொட்டாவி விடும்போது 'டிக்' என்று கேட்பது காதையும் தொண்டையையும் இணைக்கும் குழாய் திறக்கும் சத்தம். பாட்டைக் கேட்டுப் புல்லரிப்பது நோயே இல்லை. மூளைக்கட்டியா என்று கேட்டிருக்கிறீர்கள். கேட்பு நரம்பில் கட்டி இருப்பது அபூர்வம், இருந்தாலும் பெரும்பாலும் புற்றுநோயல்லாத, மெதுவாக வளரும் கட்டிதான். எம்ஆர்ஐ எடுக்கச் சொன்னால் பயப்படாமல் எடுங்கள். முகம் கோணுவது, பேச்சு குழறுவது, கை கால் பலவீனம், நிற்க முடியாத தலைசுற்றல் இவற்றில் ஒன்று வந்தாலும் நேராக அவசர சிகிச்சைப் பிரிவுக்குப் போக வேண்டும்.

ஒலியால் எதுவுமே குணமாகாதா என்ற கேள்விக்கு, ஆகும் என்பதே பதில். சிறுநீரகக் கல்லை உடலுக்கு வெளியிலிருந்தே அதிர்வலையால் உடைப்பதை 1980ல் மியூனிக்கில் முதன்முதலாக ஒரு நோயாளிக்குச் செய்தார்கள். கை நடுக்க நோய்க்கு மண்டையோட்டைத் திறக்காமல், குவித்த மீயொலியால் (அல்ட்ராசவுண்ட்) மூளையின் ஒரு சிறு புள்ளியைச் சுடும் சிகிச்சைக்கு 2016ல் அமெரிக்காவில் அனுமதி கிடைத்தது. மீயொலி 20,000 ஹெர்ட்ஸுக்கு மேல் இருப்பதால் நோயாளிக்கு அது கேட்கவே கேட்காது. ஆனால் உங்கள் பாடகி செய்யும் வேலையில்தான் மருத்துவம் இன்னும் தடுமாறுகிறது: முறிந்த கால் எலும்பு மீயொலியால் சீக்கிரம் கூடுகிறதா என்று பார்த்து 2016ல் வெளியான பெரிய ஆய்வில் பலன் தெரியவில்லை. இரவில் மெல்லிய இசை கேட்டு மனம் அமைதியாகிறது என்றால், காது தேறிய பிறகு தாராளமாகக் கேளுங்கள்.

இன்று எடுக்கும் ஆடியோகிராம் தாளைக் கேட்டு வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். மாத்திரை முடிந்ததும் மறுபடி எடுத்து அதோடு ஒப்பிட வேண்டும். முன்னேற்றம் போதவில்லை என்றால், காதுக்குள் போடும் ஊசியைப் பற்றி நீங்களே மருத்துவரிடம் கேளுங்கள்.